கரடி வீட்டைக் காலி செய்தபோது

ஆன்சியின் முப்பதாம் நாள் பூசை முடிந்த மறுநாள் காலையில், திருச்செந்தூர் ரோட்டில் வந்து நின்ற டவுன் பஸ்ஸிலிருந்து ஒரு கரடியும் ஒரு நீர்யானையும் இரண்டு ஆடுகளும் ஒரு முயலும் ஒரு பன்றியும் ஒரு வாத்தும் ஒரு குரங்கும் ஒரு பூனையும், எல்லோருக்கும் பின்னால் மூச்சு வாங்கிக்கொண்டு ஒரு கோழியும், ஆளுக்கு இரண்டு அட்டைப்பெட்டியோடு இறங்கி, எங்கள் உப்பளக் காலனியில் காலியாகக் கிடந்த பத்து வீடுகளிலும் வீட்டுக்கு ஒருவராகக் குடியேறினார்கள். காலனிச் செயலாளர் அந்தோணிப்பிச்சை அண்ணாச்சி வீடு வீடாகப் போய்ப் பெயரைக் கேட்டார், தண்ணீர் காலை முறையில் வேண்டுமா மாலை முறையில் வேண்டுமா என்று கேட்டார், நீர்யானையிடம் மட்டும் எத்தனை குடம் ஆகும் என்று கொஞ்சம் கவலையோடு கேட்டார். அது இரண்டு குடம் போதும் என்றதும் அவருக்கு நிம்மதியாகிவிட்டது.

எங்களுக்கு ஆச்சரியப்பட நேரம் இல்லை. உப்பு வாரும் காலம் அது. யார் குடிவந்தாலும் குழாயடியில் வரிசையில் நிற்கிறார்களா, குப்பையைக் கண்ட இடத்தில் கொட்டாமல் இருக்கிறார்களா என்பதுதான் எங்களுக்குக் கணக்கு, அந்த வகையில் அவர்கள் எங்களை விடத் தங்கமானவர்கள். பன்றி தன் வாசலை ஒரு நாளைக்கு மூன்று தடவை பெருக்கியதில் பக்கத்து வீட்டுப் பெண்களுக்கு மாமியார் வந்து உட்கார்ந்த மாதிரி ஆகிவிட்டது. இரண்டு ஆடுகளில் நாங்கள் ஆட்டு மைனி என்று கூப்பிட்ட ஆட்டின் வீட்டுக்கு எதிரில் இருந்தவர்கள் ஞாயிற்றுக்கிழமை ஜன்னலைச் சாத்திக்கொண்டு கறிக்குழம்பு வைத்துப் பார்த்தார்கள், வாசனை ஜன்னலைக் கேட்டா போகும், கடைசியில் காலனியே மீனுக்கு மாறியது. மீன் வாசனைக்குப் பூனை கிண்ணத்தோடு வந்து நின்றது. அதுவும் பழகிவிட்டது.

எங்கிருந்து வந்தார்கள் என்பதை ஆன்சியோடு எட்டாம் வகுப்பில் படித்த பிள்ளைகள்தான் சொன்னார்கள். போனில் ஒரு விளையாட்டு இருக்கிறதாம், சண்டை கிடையாது, ஜெயிப்பது தோற்பது கிடையாது, ஒரு தீவு, அதில் பத்து விலங்குகள் அக்கம்பக்கமாகக் குடியிருக்கும், நாம் தினமும் போய் மீன் பிடிக்கலாம், பழம் பறிக்கலாம், செடிக்குத் தண்ணீர் ஊற்றலாம், அவர்களோடு நாலு வார்த்தை பேசலாம், சட்டை கொடுத்தால் மறுநாள் அதைப் போட்டுக்கொண்டு வந்து நிற்பார்கள். யாரும் ரொம்ப நாள் எட்டிப் பார்க்கவில்லை என்றால் பெட்டியைக் கட்டிக்கொண்டு வேறு ஊர் போய்விடுவார்கள். எந்த ஊர் என்று அந்த விளையாட்டைச் செய்தவர்களே யோசித்திருக்க மாட்டார்கள். ஆன்சியின் தீவில் இருந்தவர்கள் எங்கள் காலனிக்கு வந்தார்கள், அவ்வளவுதான். விளையாட்டில் வருகிற ஆங்கிலத்தை அவள் சத்தமாகத் தமிழில் மாற்றி மாற்றிப் படித்துக்கொண்டே ஆடுவாளாம், அதனால் பத்து பேரும் பேசிய தமிழ் ஆன்சியின் தமிழாகவே இருந்தது. அதே இழுவை, அதே ‘பாத்துக்கோ’, எதற்கெடுத்தாலும் அதே ‘அய்ய’.

ஆன்சி, ஞானப்பூவின் ஒரே மகள். ஞானப்பூவின் புருஷன் தோணியில் மாலத்தீவுக்குப் போய் அங்கேயே ஒரு குடும்பம் வைத்துக்கொண்டு ஆறு வருஷம் ஆகிறது, அன்றிலிருந்து உப்புப் பாக்கெட் போடும் கம்பெனியில் வேலை செய்துதான் ஞானப்பூ மகளை வளர்த்தாள். ஆறு மணிக்கு வேலை விட்டு, பஸ் பிடித்து, வீட்டுக்கு வர ஏழாகிவிடும். பதிமூன்று வயதில் ஒன்பது நாள் காய்ச்சலில் பிள்ளை போய்ச் சேர்ந்தாள். கல்லறைத் தோட்டத்தில் ஞானப்பூ அழவில்லை. அழுதால் பாரம் இறங்கும் என்று நாங்கள் அவளைக் கட்டிப்பிடித்து அழுது பார்த்தோம், எங்களுக்குத்தான் இறங்கியது. நாலாம் நாள் அவள் வேலைக்குப் போனாள், ஏழு மணிக்கு வந்தாள், சோறு வடித்தாள், படுத்தாள். யாராவது ஏதாவது கேட்டால் பதில் சொல்வாள். கேட்காவிட்டால் வாய் திறக்க மாட்டாள்.

குடிவந்த அன்றைக்கே கரடி குழாயடிக்கு வந்து, “ஆன்சி எங்க?” என்று கேட்டது. எல்லோரும் குடத்தைப் பார்த்தோம். ஞானப்பூ அங்கேதான் நின்றாள். அடுத்த வீட்டு மரியபுஷ்பம் சும்மா இருந்திருக்கலாம், ஆனால் குழாயடியில் ஒரு கேள்வி பதில் இல்லாமல் கிடப்பதை அவளால் பொறுத்துக்கொள்ளவே முடியாது.

“அவ மெட்ராஸ்ல படிக்கா,” என்றாள்.

ஞானப்பூ மறுத்துப் பேசவில்லை. குடத்தை எடுத்து இடுப்பில் வைத்துக்கொண்டு போனாள். அன்றிலிருந்து காலனி முழுக்க, விலங்குகள் காதில் விழுகிற தூரத்தில், ஆன்சி மெட்ராஸில் படித்தாள். பாவம் என்று நினைத்துத்தான் சொன்னோம். சொல்லச் சொல்ல அது எங்களுக்கே வசதியாகவும் இருந்தது என்பதை மறைக்க வேண்டியதில்லை.

கரடிக்கு வீடு ஞானப்பூ வீட்டுக்கு அந்தப் பக்கம். ஆன்சி கொடுத்த பச்சைக் கட்டம் போட்ட சட்டைதான் எப்போதும் போட்டிருக்கும். தினமும் நாலரைக்குப் பஸ் ஸ்டாப்பில் போய் நிற்கும். பள்ளிக்கூடம் விட்டு வந்து ஆன்சி தீவுக்கு வருகிற நேரம் அது. மெட்ராஸ் பஸ் அந்த வழியில் வருவதே இல்லை என்று நாங்கள் யாரும் சொல்லவில்லை. ஏழு மணிக்கு அதே ஸ்டாப்பில் ஞானப்பூ இறங்குவாள், இரண்டு பேரும் சேர்ந்து நடந்து வருவார்கள். அப்போது கரடி ஆன்சியைப் பற்றி ஒன்று சொல்லும். ஒரு நாளைக்கு ஒன்றுதான், அதற்கு மேல் கேட்டால் சொன்னதையே திரும்பச் சொல்லும், அந்த விலங்குகளின் சுபாவமே அப்படி. ‘அவளுக்கு ஊமத்தம் பூ மாதிரி ஒரு பூ பிடிக்கும், வீட்டச் சுத்தி அதையே நட்டு வச்சா.’ ‘ஒரு தடவ குழியில விழுந்துட்டா, தானே சிரிச்சுக்கிட்டா.’ ‘எனக்குப் பொறந்தநாளுன்னு கேக்கு கொண்டாந்தா.’ ஞானப்பூ கேட்டுக்கொண்டே நடப்பாள். மகள் குரலில் மகளைப் பற்றி.

கொஞ்ச நாளில் அவளும் சொல்ல ஆரம்பித்தாள். ஹாஸ்டலில் சாப்பாடு சரியில்லையாம். கணக்கில் முதல் மார்க்காம். முடியை வெட்டிக்கொண்டாளாம், கேட்காமல் வெட்டினதற்கு இவள் நல்லா ஏசிவிட்டாளாம். சுவருக்கு இந்தப் பக்கம் மரியபுஷ்பம் இதையெல்லாம் கேட்டுக்கொண்டிருந்தாள். தான் போட்ட விதை இப்படி முளைக்கும் என்று அவள் நினைக்கவில்லை. ஆனாலும் ஞானப்பூ வாய் திறந்து பேசுகிறாளே என்று விட்டுவிட்டோம். வேறு யாரிடமும் அவள் பேசவில்லை.

அடுத்த மழைக்காலத்தில் அவர்கள் போகத் தொடங்கினார்கள். முதலில் முயல். ஒரு காலையில் அதன் தலைக்கு மேல் ஒரு சாண் உயரத்தில் கொழுக்கட்டை அளவு ஒரு மேகம் நின்றது. அன்று பூராவும் முயல் தெருவில் மேலும் கீழும் நடந்தது, எங்களைக் கடக்கும்போதெல்லாம் ஒரு நிமிஷம் நின்றது. நாங்கள் “சாப்பிட்டாச்சா?” என்று கேட்டோம். “ஆச்சு,” என்றது. மறுநாள் வாசலில் பெட்டிகள். அதற்கு மறுநாள் வீடு காலி. பிறகு பன்றிக்கு மேகம் வந்தது, ஆட்டு மைனிக்கு வந்தது, குரங்குக்கு வந்தது. நாங்கள் சாப்பிட்டாச்சா என்றோம், மழை விடலையே என்றோம், உடம்புக்கு ஒன்றுமில்லையே என்றோம். எல்லாவற்றுக்கும் மரியாதையாகப் பதில் சொல்லிவிட்டு ஒவ்வொருவராகப் போனார்கள்.

விஷயம் என்னவென்று கரண்ட் மீட்டர் பார்க்க வந்த மதுரைக்காரர் மூலமாகத்தான் தெரிந்தது. மேகத்தோடு தெருவில் நின்ற நீர்யானையைப் பார்த்து அவர் போகிற போக்கில், “என்ன, எங்க கிளம்பிட்டீங்க?” என்று கேட்டுவிட்டார். நாங்கள் பல்லைக் கடித்துக்கொண்டோம். நீர்யானையோ அதற்காகவே காத்திருந்த மாதிரி, “வீட்டக் காலி பண்ணிரலாமான்னு பாக்கேன், போகட்டுமா, இருக்கட்டுமா, நீங்க சொல்லுங்க,” என்றது. “இருங்களேன், என்ன அவசரம்?” என்றார் அவர், மீட்டரைப் பார்த்தபடியே. மேகம் கலைந்தது. நீர்யானை வீட்டுக்குள் போய்ப் பாத்திரம் கழுவியது. அவர்கள் வழக்கம் அது என்று அப்போதுதான் புரிந்தது. போக நினைத்தால் தாங்களாகச் சொல்ல மாட்டார்கள். யாராவது எங்கே என்று கேட்க வேண்டும். கேட்டவர் சொல்வதுதான் முடிவு. பொழுது சாய்கிற வரைக்கும் யாரும் கேட்கவில்லை என்றால், போவதில் யாருக்கும் வருத்தமில்லை என்று எடுத்துக்கொள்வார்கள்.

எங்களால் எப்படிக் கேட்க முடியும்? நாங்கள் கடலுக்குப் போனவர்களின் பிள்ளைகள். கிளம்புகிறவரைப் பார்த்து எங்கே என்று கேட்டால் போனவர் கரை சேர மாட்டார் என்று பால்குடி மறப்பதற்கு முன்பே எங்களுக்கு ஊட்டிவிட்டிருந்தார்கள். பஸ்ஸுக்கு ஓடுகிறவரிடம் கூட நாங்கள் கேட்பதில்லை. கேட்காமல் இருப்பதுதான் எங்கள் பிரியம். கூட்டம் போட்டுப் பேசினோம், தீர்மானம் எழுதினோம், இனி துணிந்து கேட்பது என்று எல்லோரும் கையெழுத்துப் போட்டோம். மறுநாள் வாத்து மேகத்தோடு வந்து நின்றது. அந்தோணிப்பிச்சை அண்ணாச்சி தொண்டையைச் செருமிக்கொண்டு அதன் முன்னால் போய் நின்று, வாயைத் திறந்து, “சாப்பிட்டாச்சா?” என்று கேட்டுவிட்டு வீட்டுக்குள் போய்விட்டார். மீட்டர்காரர் இரண்டு மாதத்துக்கு ஒரு தடவைதான் வருவார். வாத்தும் போனது.

கரடிக்கு மேகம் வந்தது ஒரு ஞாயிற்றுக்கிழமை. ஆன்சி போய்ப் பதினாலு மாதம். ஞானப்பூவுக்கு அன்று விடுமுறை. பூசைக்குப் போய்விட்டு வந்தவள் கரடியையும் அதன் தலைக்கு மேல் இருந்ததையும் பார்த்தாள், உள்ளே போனாள், வெளியே வந்தாள், மறுபடி உள்ளே போனாள். நாங்கள் எல்லோரும் அவரவர் வாசலில் இருந்து பார்த்துக்கொண்டிருந்தோம். இந்தக் கரடியும் போய்விட்டால் அவள் பழையபடி கல்லாகிவிடுவாள் என்று தெரியாதவர் காலனியில் இல்லை. எங்களில் யாராவது போய்க் கேட்டிருக்கலாம். கேட்கவில்லை.

மூன்று மணி வாக்கில் ஞானப்பூ கரடி வீட்டு வாசலுக்குப் போனாள். முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டாள்.

“எங்க போற?” என்று கேட்டாள்.

மரியபுஷ்பம் சிலுவை போட்டுக்கொண்டாள்.

“வீட்டக் காலி பண்ணிரலாமான்னு பாக்கேன்,” என்றது கரடி. “போகட்டுமா, இருக்கட்டுமா, நீங்க சொல்லுங்க.”

இரு என்று சொன்னால் முடிந்தது. அவள் அதைச் சொல்லத்தான் வந்தாள். ஆனால் தாயாக இருந்து பழகின வாய் இன்னொரு கேள்வியைக் கேட்டது.

“ஏன்?”

கரடி சட்டைப் பொத்தானைத் திருகியது. “ஆன்சி கடைசியா வந்த அன்னைக்கு ஒரு மீன் புடிச்சா. காட்டுனா. அய்ய, இத்துனூண்டு மீனான்னு கேட்டுட்டேன். சிரிச்சிட்டுத்தான் போனா. மறுநாள் வரல. அப்புறம் வரவே இல்ல. மெட்ராஸ்ல படிக்கான்னு சொல்லுதீங்க, லீவுக்குக் கூட வரலையே. எம்மேல கோவமாத்தான் இருக்கணும். நான் இங்க இருக்கறதுனாலதான் அவ வீட்டுக்கு வராம இருக்காளோ என்னவோ. நான் போயிட்டா வந்துருவா பாத்துக்கோ.”

ஞானப்பூ வாசற்படியில் உட்கார்ந்தாள். உலகத்திலேயே அவள் மகள் உயிரோடு இருக்கிற இடம் இந்தக் கரடியின் தலை ஒன்றுதான். அங்கே அவள் ஹாஸ்டல் சாப்பாடு சாப்பிட்டாள், முடி வெட்டிக்கொண்டாள், லீவுக்கு வராமல் அடம் பிடித்தாள். இன்னும் ஒரு பொய் சொன்னால் அப்படியே இருப்பாள். பரீட்சை இருக்கு, அடுத்த மாசம் வாரா என்றால் போதும். கரடியும் இருக்கும்.

“அவ மெட்ராஸ்ல இல்ல,” என்றாள். “செத்துப்போயிட்டா. காய்ச்சல்ல. நீங்கல்லாம் வாரதுக்கு முன்னாலயே.”

பதினாலு மாதத்தில் அந்த வார்த்தையை அவள் சொல்லி நாங்கள் கேட்டதில்லை.

“காய்ச்சல் வந்த மொத நாளே நான்தான் போனப் புடுங்கி அரிசி டிரம்முக்குள்ள போட்டேன். கண்ணு கெட்டுப்போகும், படுத்துத் தூங்குன்னு சொன்னேன். எட்டாம் நாளு கேட்டா. அஞ்சு நிமிஷம் குடும்மா, கரடி காத்துக்கிட்டு நிக்கும்னு கேட்டா. காய்ச்சல் வுடட்டும், தாரேன்னேன். அதான் அவ வரல. வேற ஒண்ணும் இல்ல.”

கரடி அதை யோசித்தது. பிறகு அதன் தோள் இறங்கியது.

“அப்ப எம்மேல கோவம் இல்ல,” என்றது.

“இல்ல.”

“மீனச் சொன்னதுக்கு இல்ல.”

“இல்லய்யா. அதெல்லாம் அவ அப்பமே மறந்திருப்பா.” ஞானப்பூ தரையைப் பார்த்துக்கொண்டே கேட்டாள். “எம்மேல இருந்திருக்குமா?”

எங்களிடம் கேட்டிருந்தால் சேச்சே, அதெப்படி, பெத்த தாய் மேல என்று சொல்லியிருப்போம். நாங்கள் அப்படிச் சொல்லப் பழகினவர்கள். கரடிக்குத் தெரிந்ததை மட்டும்தான் சொல்லத் தெரியும்.

“எனக்கு எப்படித் தெரியும், அந்தக் காய்ச்சல் நாளெல்லாம் நான் அவளப் பாக்கலையே,” என்றது. “உங்களப் பத்தி ஒண்ணுதான் தெரியும். நீங்க கேக்கல, அதான் சொல்லல. தெனமும் அஞ்சரை ஆனா ஓடிருவா. இன்னுங் கொஞ்ச நேரம் இரேன்னு நானும் தெனமும் சொல்லுவேன். மாட்டா. அம்மா வந்துருவா, அம்மா வரும்போது வாசல்ல நிக்கணும்னு சொல்லிட்டுப் போயிருவா. ஒரு நாளு கூட எனக்காக நின்னதில்ல.”

ஆறு வருஷத்தில் ஒரு நாள் கூட ஞானப்பூ அஞ்சரைக்கு வீட்டுக்கு வந்ததில்லை. ஏழுக்குத்தான் வருவாள். வரும்போது பிள்ளை வாசலில் நிற்பாள், இப்போதுதான் வந்து நிற்கிறாள் என்று அவள் நினைத்துக்கொண்டிருந்தாள். பசிக்குதா என்று கேட்பாள், பையைக் கொடுப்பாள், உள்ளே போவாள். ஒன்றரை மணி நேரம் நின்றாள் என்று தெரியாது. யாரும் சொல்லவில்லை. எங்களுக்குத் தெரியும். தினமும் பார்த்தோம். பிள்ளை வாசலில் நிற்பதில் சொல்வதற்கு என்ன இருக்கிறது என்று இருந்துவிட்டோம்.

மேகம் இன்னும் கலையவில்லை. கேட்டவர் பதில் சொல்கிற வரைக்கும் அது கலையாது.

“போகட்டுமா, இருக்கட்டுமா?” என்றது கரடி மறுபடியும். “கோவம் இல்லன்னு தெரிஞ்சிட்டு, இருன்னா இருப்பேன்.”

“நாலரைக்குப் போயி நிப்பியா?”

“பழக்கமாயிருச்சு பாத்துக்கோ. கால் தன்னால போயிரும்.”

ஞானப்பூ எழுந்து, கரடியின் சட்டைக் காலரைச் சரிசெய்துவிட்டாள்.

“போ,” என்றாள். “வாராத பிள்ளைக்கு யாரும் நிக்க வேண்டாம். போயி வேற யாருக்காவது அக்கம்பக்கமா இரு. அங்க கேட்டா, எங்க ஊர்ல ஆன்சின்னு ஒரு பிள்ள இருந்தான்னு சொல்லு. இருந்தான்னே சொல்லு.”

மேகம் கலைந்தது. கரடி உள்ளே போய்ப் பெட்டிகளை எடுத்தது. திங்கட்கிழமை முழுக்க டேப் கிழிக்கிற சத்தம் கேட்டது. செவ்வாய்க்கிழமை காலையில் முதல் பஸ்ஸுக்கு ஞானப்பூ ஒரு பெட்டியைத் தூக்கிக்கொண்டு கூடப் போனாள். நாங்களும் போனோம். கரடி ஒவ்வொருவரிடமும் வந்து, “ஆன்சி செத்துப்போயிட்டா, எம்மேல கோவம் இல்ல,” என்று சொல்லி விடைபெற்றது. ஏதோ அப்போதுதான் தெரிந்தது போல நாங்கள் தலையை ஆட்டினோம். அந்தோணிப்பிச்சை அண்ணாச்சியால் தலையை ஆட்டக்கூட முடியவில்லை, துண்டால் முகத்தை மூடிக்கொண்டார். அவர்தான் ஆன்சியின் சவப்பெட்டியின் முன் பக்கத்தைத் தூக்கியவர்.

ஞானப்பூ அங்கிருந்தே கம்பெனிக்குப் போனாள். பாக்கெட்டுகளை ஒட்டினாள். நாலரை மணிக்கு மேஸ்திரியிடம் போய், வீட்டுக்குப் போக வேண்டும் என்றாள். என்ன விஷயம் என்று கேட்டதற்கு, பிள்ளை நிற்கும் என்றாள். மேஸ்திரிக்கு விஷயம் தெரியும், போகச் சொன்னார். அவள் பஸ் பிடித்து, ஸ்டாப்பில் இறங்கி, வழக்கத்துக்கு விரோதமாக ஓட்டமும் நடையுமாக வந்து, அஞ்சரைக்கு வாசலுக்கு வந்து சேர்ந்தாள். வாசலில் யாரும் இல்லை. கொஞ்ச நேரம் அந்த இடத்தில் நின்றாள்.

“ஏளா, அம்மா வந்துட்டேன்,” என்றாள்.

சுவருக்கு இந்தப் பக்கம் குழம்பு கூட்டிக்கொண்டிருந்த மரியபுஷ்பத்துக்கு அது கேட்டது, அதைத் தொடர்ந்து வந்த அழுகையும் கேட்டது. போகலாமா வேண்டாமா என்று அவள் யோசிக்கவில்லை. அடுப்பை அணைத்துவிட்டுப் போனாள்.